காலை ஆகாரமும் கேழ்வரகுப் பர்பியும்



கிருஷ்ணகிரி ஜில்லாவின் மேற்குப் பாகம் இரண்டு விஷயங்களுக்குப் பேர்போனது. ஒன்று கேழ்வரகு, மற்றொன்று தொழிற்சாலை. தமிழ்நாட்டில் கேழ்வரகு விளைவிக்கும் ஜில்லாக்களில் கிருஷ்ணகிரி முதல் வரிசையில் நிற்கிறது. தேன்கனிக்கோட்டை, தளி, கெலமங்கலம், சூளகிரி ஆகிய ஊர்களைச் சுற்றியுள்ள மானாவாரி நிலங்களில் ஆடி மாதத்து மழையை நம்பிக் கேழ்வரகு விதைப்பதும், நடுவே அவரை, துவரை, கடுகு முதலியவற்றை ஊடுபயிராகப் போடுவதும், கார்த்திகை மார்கழியில் கதிரறுத்துக் களம் சேர்ப்பதும் தலைமுறை தலைமுறையாக நடந்துவரும் வழக்கம். இதே பூமியில்தான் 1971-ஆம் வருஷத்தில் ஏற்பட்ட சிப்காட் நிறுவனம் ஓசூரில் தொழிற்பேட்டையை அமைத்தது. அசோக் லேலண்டு, டி.வி.எஸ். மோட்டார், டைட்டன் முதலிய பெரிய கம்பெனிகளும், அவற்றுக்கு உதிரி பாகங்கள் செய்து கொடுக்கும் எண்ணற்ற சிறு பட்டறைகளும் அதன்பின் வளர்ந்தன. பெங்களூர் நகரம் ஏறக்குறைய நாற்பது கிலோமீட்டர் தூரத்திலேயே இருப்பதால், எல்லைக்கு அப்பால் வேலைக்குப் போய்வருகிறவர்களும் அநேகர்.

கேழ்வரகு விளையும் இந்த ஜில்லாவில், தொழிற்சாலைக்குப் புறப்படுகிறவர்களில் பலர் காலையில் ஒரு தம்ளர் டீயும் இரண்டு பிஸ்கோத்தும் மட்டும் உட்கொண்டு பஸ் ஏறுகிறார்கள். சிலர் அதுவுமின்றியே போகிறார்கள். இந்தக் குறையை வீட்டிலுள்ள தானியத்தைக் கொண்டே, வாரத்துக்கு ஒரு முறை செலவிடும் சிறிது நேரத்தினால், எவ்வாறு நீக்கிக்கொள்ளலாம் என்பதை எடுத்துரைப்பதே இந்தப் பிரசங்கத்தின் நோக்கம்.

வெறும் வயிறும் வேலையும்

விடியற்காலை ஆறு மணிக்குத் தொடங்கும் ஷிப்டுக்குப் போகவேண்டியவர் ஐந்து மணிக்கு முன்னதாகவே கம்பெனி பஸ்ஸுக்காக ரஸ்தாவில் நிற்கவேண்டியிருக்கிறது. அதற்குமுன் களி கிண்டவோ, இட்லி வேகவைக்கவோ அவகாசம் ஏது? முந்தின இரவு எட்டு மணிக்குச் சாப்பிட்டவருக்குத் தொழிற்சாலையில் முதல் ஆகாரம் கிடைக்கும்போது பத்துப் பன்னிரண்டு மணி நேரம் கழிந்துவிடுகிறது. 250 பேருக்கு மேற்பட்ட தொழிலாளர் வேலை செய்யும் தொழிற்சாலைகளில் உணவுச்சாலை இருக்கவேண்டும் என்று 1948-ஆம் வருஷத்துத் தொழிற்சாலைச் சட்டம் விதித்தது. அதனால் பெரிய கம்பெனிகளில் வேலை செய்கிறவர்களுக்கு இடைவேளையிலாவது சாப்பாடு கிடைக்கிறது. பத்துப் பதினைந்து பேர் வேலை பார்க்கும் பட்டறைகளில் அந்த வசதி இருப்பது அரிது.

இராத்திரி முழுவதும் சரீரம் ஈரலில் சேமித்து வைத்திருக்கும் சர்க்கரையைச் செலவிட்டே இயங்குகிறது. காலையில் அந்தச் சேமிப்பு குறைந்திருக்கும். அந்நிலையில் இயந்திரத்தின்முன் நின்று வேலை செய்பவருக்குச் சோர்வும், தலைச்சுற்றலும், கவனக்குறைவும் உண்டாவது சகஜம். ஏடு புரட்டும் வேலையில் கவனக்குறைவு ஒரு பிழையோடு போகும். ஓடும் இயந்திரத்தின் அருகில் அது விரலையோ கையையோ காவு கொள்ளக்கூடும்.

ஸ்திரீகளின் நிலை இன்னும் கவனிக்கத் தக்கது. 2019 முதல் 2021 வரை நடந்த ஐந்தாவது தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள ஸ்திரீகளில் நூற்றுக்கு 53 பேருக்கு இரத்தசோகை இருந்தது. ஓசூர்ப் பக்கத்து மின்னணுத் தொழிற்சாலைகளிலும் பிற தொழிற்சாலைகளிலும் இப்போது பெண்கள் பெருந்தொகையாக வேலை செய்கிறார்கள். வெளி ஜில்லாக்களிலிருந்தும் வெளி மாகாணங்களிலிருந்தும் வந்து விடுதிகளில் தங்குகிறவர்களுக்குச் சொந்தச் சமையலறையும் கிடையாது. வீட்டிலிருந்து போகும் பெண்ணோ, மற்றவர்களுக்கு ஆகாரம் ஆக்கி வைத்துவிட்டுத் தான் உண்ணாமலே புறப்படுகிறாள்.

குழந்தைகள் விஷயத்தில் ஓரளவு வழி பிறந்திருக்கிறது. 2022-ஆம் வருஷம் செப்டம்பர் மாதத்தில் மதுரையில் தொடங்கப்பெற்று, 2023-ஆம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில் எங்கும் விரிவாக்கப்பட்ட முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம், சர்க்கார் ஆரம்பப் பள்ளிகளில் முதல் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைகளுக்காக ஏற்பட்டது. ஆறாம் வகுப்புக்கு மேல் படிப்பதற்காகத் தூரத்துப் பள்ளிக்கு முதல் பஸ்ஸில் போகும் பிள்ளைக்கு வீட்டு ஆகாரமே கதி.

எல்லையின் இருபுறத்திலும் உள்ள வழி

அவசரக் காலைகளுக்கென்று பட்டணத்துக் கடைகளில் 'பார்' என்னும் பெயரால் பளபளப்பான காகிதத்தில் சுற்றிய கட்டிகள் விற்கப்படுகின்றன. ஓட்ஸ், கொட்டைகள், உலர்ந்த பழம், சர்க்கரைப் பாகு ஆகியவற்றை ஒன்றாக அழுத்திச் செய்பவை அவை. யோசனை நல்லதே. ஆனால் அந்த யோசனை இந்தப் பிரதேசத்துக்குப் புதிதன்று.

வட தமிழ்நாட்டு வீடுகளில் 'சிமிலி' என்று ஒரு பட்சணம் உண்டு. கேழ்வரகு மாவைப் பிசைந்து அடையாகத் தட்டிச் சுட்டு, அந்த அடையைப் பிய்த்து, வறுத்த வேர்க்கடலை, எள், வெல்லம் ஆகியவற்றோடு உரலில் இட்டு இடித்து உருண்டை பிடிப்பார்கள். தானியம், எண்ணெய் வித்து, வெல்லம் ஆகிய மூன்றும் ஒன்றுசேர்ந்த ஆகாரம் அது; சுவையிலும் புஷ்டியிலும் குறைவற்றது. அதில் ஒரே ஒரு குறைதான் உண்டு. அடையில் ஈரம் இருப்பதால் சிமிலி இரண்டு நாளைக்கு மேல் தாங்காது, பூஞ்சணம் பிடித்துவிடும். ஆகவே அது பண்டிகைப் பலகாரமாக நின்றதேயன்றித் தினசரி ஆகாரம் ஆகவில்லை.

எல்லைக்கு அப்பால் கன்னட நாட்டார் இந்தக் குறைக்குப் பரிகாரம் கண்டிருக்கிறார்கள். அவர்கள் கேழ்வரகைச் சோளப்பொரி போலப் பொரித்து, அந்தப் பொரியை மாவாக அரைத்து வைத்துக்கொள்வார்கள். 'ஹுரிஹிட்டு' என்பது அதன் பெயர். வறுத்த மாவு என்று பொருள். பொரிக்கும்போதே தானியம் வெந்துவிடுகிறபடியால் அதை மறுபடி அடுப்பேற்றவேண்டியதில்லை. பாலும் வெல்லமும் சேர்த்தோ, மோரும் உப்பும் சேர்த்தோ பிசைந்து அப்படியே உண்ணலாம். ஈரமில்லாமையால் பல நாள் கெடாமலும் இருக்கும். தமிழும் கன்னடமும் தெலுங்கும் கலந்து வழங்கும் ஓசூர்ப் பிரதேசத்தில் இதை அறிந்த பாட்டிமார் இன்னும் அநேகர் உண்டு.

சிமிலியில் அடைக்குப் பதிலாக இந்தப் பொரிமாவைச் சேர்த்துவிட்டால் காரியம் முடிந்தது. இரண்டு நாளில் கெடும் பலகாரம் இரண்டு வாரம் தாங்கும் ஆகாரமாக மாறிவிடுகிறது. தட்டில் அழுத்திச் சதுரமாக அறுத்தால் பையில் எடுத்துப் போகவும், பஸ்ஸில் உட்கார்ந்தபடியே உண்ணவும் தோதான கேழ்வரகுப் பர்பி கிடைக்கிறது.

கேழ்வரகின் குணம்

நீலகிரி குன்னூரில் இருந்த ஆகார ஆராய்ச்சிசாலையின் தலைவரான டாக்டர் அய்க்ராய்டு, இந்திய ஆகாரங்களின் சத்துகளைப் பற்றிய சுகாதாரப் பிரசுரத்தை 1937-ஆம் வருஷத்தில் வெளியிட்டார். அந்த ஆராய்ச்சிசாலையே பிற்பாடு 1958-ஆம் வருஷத்தில் ஹைதராபாத்துக்கு மாறி, இப்போது தேசிய ஊட்டச்சத்து நிலையம் என்று வழங்குகிறது. அந்நிலையத்தாரின் அட்டவணைப்படி 100 கிராம் கேழ்வரகில் சுண்ணாம்புச் சத்து ஏறக்குறைய 350 மில்லிகிராம் உண்டு. தீட்டிய அரிசியில் அது 10 மில்லிகிராம் அளவே. ஓட்ஸ் தானியத்திலும் 50 மில்லிகிராம் சுமாருக்குத்தான் இருக்கிறது. நார்ச்சத்திலும் தீட்டிய அரிசியைக் காட்டிலும் கேழ்வரகு பன்மடங்கு மேலானது.

குறையையும் மறைக்காமல் சொல்லவேண்டும். கேழ்வரகில் புரதச் சத்து 100 கிராமுக்கு 7 கிராம்தான்; ஓட்ஸில் அதைவிட அதிகம். எனவே கேழ்வரகை மட்டும் நம்பினால் போதாது. வேர்க்கடலையிலும் பொட்டுக்கடலையிலும் நூற்றுக்கு 20 பங்குக்கு மேல் புரதம் இருக்கிறது. தானியத்தின் புரதத்தில் குறைவாயுள்ள அம்சத்தைப் பருப்பு வகை நிரப்புகிறது. பருப்பில் குறைந்ததைத் தானியமும் எள்ளும் நிரப்புகின்றன. 1950-ஆம் வருஷத்தில் மைசூரில் ஏற்பட்ட மத்திய ஆகாரத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையத்தார், டாக்டர் வி. சுப்பிரமணியன் தலைமையில், எண்ணெய் எடுத்த வேர்க்கடலை மாவையும் கடலை மாவையும் கலந்து 'பல்நோக்கு உணவு' என்று ஒன்றைத் தயாரித்தார்கள். மலிவான வித்துகளைக் கலந்து உயர்ந்த ஆகாரம் செய்யலாம் என்பதே அதன் அடிப்படை. வீட்டுப் பர்பியின் அடிப்படையும் அதுவே.

சாமான்களும் அளவும்

ஒரு கிலோ பர்பிக்கு வேண்டியவை பின்வருமாறு:

கேழ்வரகுப் பொரிமாவு — 200 கிராம்
வேர்க்கடலை, வறுத்துத் தோல் நீக்கியது — 250 கிராம்
பொட்டுக்கடலை — 100 கிராம்
எள் — 100 கிராம்
வெல்லம் — 350 கிராம்
தண்ணீர் — அரைத் தம்ளர்
சுக்குப் பொடி, ஏலப் பொடி — சிறிதளவு
உப்பு — ஒரு சிட்டிகை
நல்லெண்ணெய் அல்லது நெய் — இரண்டு தேக்கரண்டி

இந்த அளவுக்கு 25 பர்பிகள் கிடைக்கும். ஒவ்வொன்றும் 40 கிராம் எடை இருக்கும். வேர்க்கடலையும் எள்ளும் இப்பக்கத்து நிலங்களிலேயே விளைகின்றன. ஆகவே விவசாயக் குடும்பத்தார் பெரும்பாலும் வெல்லத்தையும் பொட்டுக்கடலையையும் மட்டுமே காசு கொடுத்து வாங்கவேண்டியிருக்கும்.

பொரிமாவு செய்யும் முறை

கேழ்வரகைப் புடைத்துக் கல் மண் நீக்கிக்கொள்ளவேண்டும். ஒரு கிலோ தானியத்துக்கு ஏறக்குறைய அரைத் தம்ளர் தண்ணீரைச் சிறிது சிறிதாகத் தெளித்து, எல்லா மணியிலும் ஈரம் படும்படி பிசறி, மூடி வைக்கவேண்டும். சிலர் தண்ணீருக்குப் பதில் மோர் தெளிப்பதுண்டு. மூன்று நான்கு மணி நேரம் சென்றபின் ஈரம் மணிக்குள் சுவறி, மேற்புறம் உலர்ந்தாற்போல் இருக்கும். அதுவே பக்குவம். ஈரம் போதாவிட்டால் தானியம் பொரியாமல் கருகும்; மிஞ்சினால் பொரியாமல் வேகும்.

கனமான இரும்புச் சட்டியை நன்றாகக் காயவைத்து, ஒரு பிடி தானியத்தை மட்டும் போட்டு, துணி சுற்றிய குச்சியால் விடாமல் துழாவவேண்டும். சட்டி சரியாகக் காய்ந்திருந்தால் சில விநாடிகளிலேயே மணிகள் படபடவென்று வெடித்து வெள்ளைப் பூவாக விரியும். உடனே இறக்கிவிடவேண்டும். ஒரே முறையில் அதிகமாகப் போட்டால் சட்டியின் சூடு தணிந்து பொரியாது. பழைய முறைப்படி சூடான மணலில் பொரித்தால் இன்னும் நன்றாக விரியும். ஆனால் மணலைச் சுத்தமாகச் சலித்தெடுக்கத் தெரிந்தவர்களே அதைக் கையாளவேண்டும். பொரியாத மணிகள் சில தங்கும். அவையும் வறுபட்டவையே ஆதலால் எறிந்துவிடவேண்டியதில்லை.

பொரி ஆறியதும் அரைத்துக்கொள்ளவேண்டும். மாவு மில்லில் கொடுப்பதானால் அதற்குமுன் மிளகாய் அரைக்கவில்லை என்று விசாரித்துக் கொடுப்பது புத்திசாலித்தனம். ஒரு மாதத்துக்கு வேண்டிய மாவை ஒரே நாளில் தயாரித்து இறுக்கமான டப்பாவில் வைத்துக்கொண்டால், பிறகு பர்பி செய்வது அரைமணி நேர வேலையாகிவிடும்.

பர்பி செய்யும் முறை

வறுத்த வேர்க்கடலையில் பாதியைக் கொரகொரப்பாக உடைத்துக்கொண்டு, மறுபாதியை எண்ணெய் கசியும்வரை பொடிக்கவேண்டும். இந்த எண்ணெய்தான் மாவைச் சேர்த்துப் பிடிப்பது. பொட்டுக்கடலையை மாவாக்கவேண்டும். எள்ளைக் கழுவி உலர்த்தி, படபடக்கும்வரை வறுத்துக்கொள்ளவேண்டும். இவற்றையும் பொரிமாவு, சுக்கு, ஏலம், உப்பு ஆகியவற்றையும் ஒரு பெரிய பாத்திரத்தில் கலந்து தயாராக வைக்கவேண்டும். பாகு இறங்கியபின் சாமான் தேடினால் பாகு காத்திராது.

வெல்லத்தைத் தண்ணீரில் கரைத்து வடிகட்டி, மண் நீக்கி, மறுபடி அடுப்பிலேற்றிக் காய்ச்சவேண்டும். பாகில் ஒரு துளியைத் தண்ணீரில் விட்டால் அது கரையாமல் நின்று, விரலால் திரட்டினால் மிருதுவான உருண்டையாக வரவேண்டும். இந்த உருட்டுப் பதமே போதுமானது. தட்டினால் 'டக்'கென்று சத்தம் கேட்கும் கடலை மிட்டாய்ப் பதம் இதற்கு வேண்டாம். பர்பி கல்லாகிப் பெரியவர்கள் கடிக்க முடியாமற்போகும். கம்பிப் பதத்தில் இறக்கினாலோ ஈரம் தங்கிச் சீக்கிரம் கெடும்.

பதம் வந்ததும் அடுப்பை அணைத்து, கலந்து வைத்த மாவைக் கொட்டி வேகமாகக் கிளறவேண்டும். எண்ணெய் தடவிய தட்டில் கொட்டி, தம்ளரின் அடிப்புறத்தால் ஒரு விரற்கனத்துக்கு இறுக்கமாக அழுத்தவேண்டும். சூடு ஆறுமுன்பே கத்தியால் கோடு போட்டு, நன்றாக ஆறியபின் துண்டுகளை எடுக்கவேண்டும். கலவை பொலபொலவென்று உதிர்ந்தால் கலங்கவேண்டியதில்லை. சூடு இருக்கும்போதே உரலில் போட்டு, சிமிலிக்கு இடிப்பதுபோல நாலு இடி இடித்தால் கடலையின் எண்ணெய் கசிந்து சேர்ந்துகொள்ளும். தண்ணீர் மட்டும் தெளிக்கக்கூடாது.

ஒவ்வொரு துண்டையும் காகிதத்தில் சுற்றி, ஈரமில்லாத டப்பாவில் அடைத்து வைத்தால் பதினைந்து நாள் வரை நன்றாயிருக்கும். மழைக்காலத்தில் பத்து நாளோடு முடித்துவிடுவது நலம். காறல் வாடை தோன்றினால் உண்ணக்கூடாது.

பலன் எவ்வளவு?

மேற்கண்ட அளவுகளை அட்டவணையோடு ஒப்பிட்டுக் கணக்கிட்டால், ஒரு பர்பியில் சுமார் 170 கலோரி உஷ்ண சக்தியும், நாலரை கிராம் புரதமும், 100 மில்லிகிராம் சுண்ணாம்புச் சத்தும், ஏறக்குறைய 2 மில்லிகிராம் இரும்புச் சத்தும் அடங்கியிருக்கின்றன. வேலைக்குப் போகும் பெரியவர் இரண்டு பர்பி உண்டால் சுமார் 340 கலோரியும் 9 கிராம் புரதமும் கிடைக்கும். பெரியவர் ஒருவருக்கு நாளொன்றுக்கு 1,000 மில்லிகிராம் சுண்ணாம்புச் சத்து வேண்டும் என்பது 2020-ஆம் வருஷத்தில் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் வகுத்த அளவு. அதில் ஐந்தில் ஒரு பங்கு இதிலேயே சேர்ந்துவிடுகிறது. பள்ளிப் பிள்ளைக்கு ஒரு பர்பியும் ஒரு தம்ளர் பாலும் போதுமானவை.

இரும்புச் சத்தின் கணக்கு வேறு. ஸ்திரீ ஒருத்திக்கு நாளொன்றுக்கு 29 மில்லிகிராம் வேண்டியிருக்க, இரண்டு பர்பியில் 4 மில்லிகிராம்தான் இருக்கிறது. தானியத்திலும் எள்ளிலும் உள்ள இரும்பு முழுவதும் இரத்தத்தில் சேர்வதுமில்லை. ஆகவே பர்பி உண்டால் இரத்தசோகை நீங்கிவிடும் என்று எவரேனும் சொன்னால் நம்பக்கூடாது. ஆரம்ப சுகாதார நிலையத்தில் இரத்தத்தைச் சோதித்து, கொடுக்கும் இரும்பு மாத்திரையைத் தவறாமல் உண்பதே அதற்கு மார்க்கம். ஆனால் கிடைக்கும் இரும்பை வீணாக்காமலிருப்பது நம் கையில் இருக்கிறது. பர்பியோடு ஒரு நெல்லிக்காயோ, கொய்யாப்பழமோ, எலுமிச்சம்பழச் சாறோ சேர்த்தால் அவற்றிலுள்ள 'சி' வைட்டமின் இரும்பைச் சரீரத்தில் சேர்ப்பிக்கும். டீயும் காப்பியும் அதைத் தடுக்கும். எனவே பர்பி உண்டபின் ஒரு மணி நேரம் கழித்தே டீ குடிக்கவேண்டும்.

கவனிக்கவேண்டிய எச்சரிக்கைகள்

முதலாவது, வெல்லம். வெல்லம் சர்க்கரையைவிடச் சிறந்தது என்று எண்ணி அளவுக்கு மேல் சேர்ப்பவர்கள் உண்டு. வெல்லமும் பெரும்பங்கு சர்க்கரையே. இரண்டு பர்பியில் ஏறக்குறைய 25 கிராம் சர்க்கரை அடங்குகிறது. 2,000 கலோரி உண்ணும் ஒருவர் நாளொன்றுக்கு 50 கிராமுக்கு மேல் சேர்க்கைச் சர்க்கரை உட்கொள்ளலாகாது என்பது 2015-ஆம் வருஷத்தில் உலக சுகாதார ஸ்தாபனம் வகுத்த வரம்புக்குச் சமமாகும். அதில் பாதி இங்கேயே போய்விடுகிறது. ஆகவே இரண்டுக்கு மேல் உண்ணாமலும், அன்றைய டீயில் சர்க்கரையைக் குறைத்தும் சரிக்கட்டவேண்டும். நீரிழிவு உள்ளவர்கள் பர்பியைத் தவிர்த்து, வைத்தியரின் யோசனைப்படி வேறு ஆகாரம் கொள்வது நலம். வெல்லம் வாங்கும்போது பளிச்சென்ற மஞ்சள் நிறத்தைக் கண்டு மயங்காமல், கறுத்த வெல்லத்தையே வாங்கவேண்டும். மஞ்சள் நிறம் பெரும்பாலும் ரசாயனச் சரக்கிட்டு வெளுத்ததன் அடையாளம்.

இரண்டாவது, வேர்க்கடலை. 1960-ஆம் வருஷத்தில் இங்கிலாந்தில் லட்சத்துக்கு மேற்பட்ட வான்கோழிகள் திடீரென்று மாண்டன. அவற்றுக்குப் போட்ட வேர்க்கடலைப் பிண்ணாக்கில் ஒருவகைப் பூஞ்சணம் உண்டாக்கிய விஷமே காரணம் என்று பின்பு கண்டுபிடித்தார்கள். அஃப்ளடாக்சின் என்னும் அந்த விஷம் மனிதருடைய ஈரலையும் கெடுக்கும். சாதாரண வறுவலில் முழுவதும் அழியாது. ஆகையால் சுருங்கியதும், நிறம் மாறியதும், பச்சைப் பூசணம் படிந்ததுமான பருப்புகளை ஒன்றுகூட விடாமல் பொறுக்கி எறியவேண்டும். அவற்றை மாட்டுக்கும் போடக்கூடாது.

மூன்றாவது, சிறு குழந்தைகள். நான்கு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குக் கடலைத் துண்டு தொண்டையில் அடைத்துக்கொள்ளும் அபாயம் உண்டு. அவர்களுக்குப் பர்பியை நன்றாகப் பொடித்துப் பாலில் கரைத்துக் கொடுக்கவேண்டும். வேர்க்கடலை ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு அதை அறவே விலக்கவேண்டும்.

நான்காவது, அவகாசம் உள்ள நாளில் பர்பியை நாடவேண்டியதில்லை. சூடான களியும் கீரைக்குழம்பும், புளித்த கூழும் மோரும் வெங்காயமும் எந்தப் பர்பிக்கும் மேலானவை. பர்பி அவசரக் காலைக்கு மாத்திரமே.

விவசாயிக்கும் குழுக்களுக்கும்

இதில் விவசாயிக்கும் லாபமுண்டு. நீண்டகாலமாகக் கேழ்வரகை ஏழையின் தானியம் என்று இகழ்ந்து, அரிசிக்கு மாறுவதைக் கௌரவமாக எண்ணியதால் சாகுபடி குறைந்துவந்தது. ஐக்கிய நாடுகள் சபை 2023-ஆம் வருஷத்தைச் சர்வதேசச் சிறுதானிய வருஷமாகக் கொண்டாடியது. அதே வருஷத்தில் தருமபுரி, நீலகிரி ஜில்லாக்களின் நியாயவிலைக் கடைகளில் இரண்டு கிலோ அரிசிக்குப் பதிலாக இரண்டு கிலோ கேழ்வரகு கொடுக்கும் ஏற்பாடு தொடங்கியது. 2025-26-ஆம் பருவத்துக்கு மத்திய சர்க்கார் கேழ்வரகுக்கு நிர்ணயித்த குறைந்தபட்ச ஆதரவு விலை குவிண்டாலுக்கு 4,886 ரூபாய். அதன்படி ஒரு கிலோ பர்பிக்கு வேண்டிய 200 கிராம் கேழ்வரகின் விலை பத்து ரூபாய்க்குள் அடங்குகிறது. கேழ்வரகு மற்றத் தானியங்களைப் போல எளிதில் பூச்சி பிடிப்பதுமில்லை. முன்னோர் குதிரிலும் குழியிலும் வருஷக்கணக்காகச் சேமித்து வைத்தார்கள். விளைந்த காலத்தில் வந்த விலைக்கு முழுவதையும் விற்றுவிடாமல், வீட்டுக்கு வேண்டியதை நிறுத்திக்கொள்வதே விவேகம்.

தமிழ்நாட்டில் மகளிர் சுய உதவிக் குழுக்கள் 1989-ஆம் வருஷத்தில் சர்வதேச விவசாய அபிவிருத்தி நிதியின் உதவியோடு முதன்முதலாகத் தோன்றியது தருமபுரி ஜில்லாவிலேதான். ஓசூரும் கிருஷ்ணகிரியும் அப்போது அந்த ஜில்லாவைச் சேர்ந்திருந்தன. 2004-ஆம் வருஷத்தில்தான் கிருஷ்ணகிரி தனி ஜில்லாவாயிற்று. அத்தகைய பாரம்பரியமுள்ள குழுக்கள் இந்தப் பர்பியைச் செய்து, சமையலறை வசதியில்லாத விடுதிப் பெண்களுக்கும், உணவுச்சாலை இல்லாத பட்டறைகளுக்கும் கொடுப்பது தகுந்த கைத்தொழிலாகும். விற்பனைக்குச் செய்கிறவர்கள் 2006-ஆம் வருஷத்து உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி பதிவு செய்துகொண்டு, உறையின்மேல் சேர்ந்துள்ள சாமான்கள், எடை, செய்த தேதி, எந்தத் தேதிக்குள் உண்ணவேண்டும் என்னும் விவரம், வேர்க்கடலை கலந்தது என்னும் குறிப்பு ஆகியவற்றைத் தவறாமல் அச்சிடவேண்டும். விலை மலிவாக இருக்கவேண்டுமென்று கடலையைக் குறைத்து வெல்லத்தைக் கூட்டினால், அது ஆகாரமாக இராமல் வெறும் மிட்டாயாகிவிடும் என்பதை மறத்தலாகாது.

முடிவாக ஒரு வார்த்தை. வீட்டில் பர்பி செய்து வைத்தபின் அது யாருக்குப் போய்ச் சேருகிறது என்பதையும் பார்க்கவேண்டும். புருஷனுக்கும் பிள்ளைகளுக்கும் எண்ணிக் கட்டிக்கொடுத்துவிட்டு, செய்தவள் வெறும் டீயோடு வேலைக்குப் போவாளானால் பாதி நோக்கம் கெட்டுவிடும். வாரத்துக்கு 25 பர்பி செய்யும் வீட்டில், டப்பாவை மூடுமுன் தாய்க்குரிய பங்கைத் தனியே எடுத்து அவள் பையில் வைப்பது மற்றவர்களின் கடமை. பொரிப்பதிலும் இடிப்பதிலும் அழுத்துவதிலும் ஆண்களும் ஞாயிற்றுக்கிழமையில் கை கொடுத்தால், திங்கட்கிழமை காலையில் குடும்பம் முழுவதும் வயிறு நிரம்பிப் புறப்படும்.